14441 சட்டகங்கள்: கார்போ கோதினாவின் காமிரா

எத்தனை சட்டகங்கள் இருக்கின்றன என்ற எண்ணிக்கையையே தன் படத்துக்குப் பெயராக வைப்பவரை என்னவென்று சொல்வது? ‘காதல் கலைகள் பற்றி, அல்லது 14441 சட்டகங்கள் கொண்ட ஒரு படம்’ என்று 1972-ல் பெயர் வைத்தார் கார்போ கோதினா. நொடிக்கு 24 சட்டகம் என்று கணக்குப் போட்டால் பத்து நிமிஷத்துக்கு ஒன்றிரண்டு நொடிதான் கூடுதலாக வருகிறது. ஒரு டீயும் சிகரெட்டும் முடிவதற்குள் படமும் தீர்ந்துவிடும். அந்தப் பத்து நிமிஷத்தை ஒரு தேசத்தின் ராணுவம் அழித்துவிடச் சொன்னது.

கொத்தனார் செங்கல் கணக்குச் சொல்கிற மாதிரி, நெசவுக்காரர் கெஜக்கணக்குச் சொல்கிற மாதிரி, இந்த ஆள் சட்டகக் கணக்குச் சொல்கிறார். ‘கலைஞன்’ என்ற பெரிய வார்த்தையின் பக்கத்தில் இந்தக் கணக்கு கொஞ்சம் அசிங்கமாகத்தான் நிற்கும். எனக்கு அந்த அசிங்கம் பிடித்திருக்கிறது. இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததற்கு அதுதான் காரணம்.

யூகோஸ்லாவிய சினிமா என்றதும் நம்மில் பலருக்கு ஞாபகம் வருவது குஸ்துரிகா. கொஞ்சம் தேடிப் பார்த்தவர்களுக்கு துஷான் மகவேயெவ். இன்னும் தோண்டினால் ஷிவோயின் பாவ்லோவிச், அலெக்ஸாந்தர் பெத்ரோவிச், ஷெலிமிர் ஷில்னிக். ‘கறுப்பு அலை’ என்ற தலைப்பின் கீழ் இந்தப் பெயர்கள் வரிசையாக வரும். கோதினா வந்தால் அடிக்குறிப்பில் வருவார். ஆனால் படங்களின் டைட்டில் கார்டுகளைப் பொறுமையாகப் படித்துப் பாருங்கள். ஷில்னிக்கின் ‘ஆரம்பகால எழுத்துக்கள்’ (1969): ஒளிப்பதிவும் எடிட்டிங்கும் கார்போ அச்சிமோவிச் கோதினா. அவருடைய ‘கறுப்புப் படம்’ (1971): காமிரா கோதினா. பாட்டா செங்கிச்சின் ‘உலகப் புரட்சியில் என் குடும்பத்தின் பங்கு’ (1971), ‘அதிவேக உழைப்பாளிகளின் வாழ்க்கைக் காட்சிகள்’ (1972): மறுபடி கோதினா. லோர்தன் ஸஃப்ரனோவிச்சின் ‘26 சித்திரங்களில் ஆக்கிரமிப்பு’ (1978): அதிலும் இவர்தான். நோவி ஸாத், ஸரயேவோ, த்யுப்ரோவ்னிக் என்று ஊர்கள் மாறுகின்றன, இயக்குநர்கள் மாறுகிறார்கள், கண் ஒன்றாகவே இருக்கிறது.

ஆசிரியரின் மரணத்தைப் பற்றி பார்த் எழுதியதை நாம் சலிக்கச் சலிக்கப் பேசிவிட்டோம். இலக்கியத்தில் ஆசிரியரைக் கொன்றுவிட்டு சினிமாவுக்கு வந்ததும் ‘இயக்குநரே படைப்பாளி’ என்று மாலை போட்டு உட்கார வைத்துவிடுகிறோம். இதென்ன நியாயம்? ஐந்தாறு பேருடைய உழைப்பு ஒரு பெயருக்குள் போய் மறைவதை மற்ற இடங்களில் நாம் சுரண்டல் என்கிறோம், சினிமாவில் பாணி என்கிறோம். கோதினாவின் வாழ்க்கை இந்தச் சொல்லாடலை உள்ளேயிருந்து குடைகிறது. அவர் ஒளிப்பதிவாளர், எடிட்டர், திரைக்கதை எழுதுபவர், இயக்குநர், பிறகு லுப்லியானா நாடக-சினிமா அகாதமியில் ஆசிரியர். சில படங்களில் இவை எல்லாமாகவும் இருக்கிறார், சிலவற்றில் ஒன்றாக மட்டும் இருக்கிறார். பல வேலை தெரிந்த ஆளைப் பற்றி எல்லா ஊரிலும் ஒரு இளக்காரம் உண்டு. எதிலும் உருப்படியாக நிலைக்காதவன் என்பார்கள். அந்த இளக்காரத்தின் பின்னால் இருப்பது மூளை உழைப்பையும் கை உழைப்பையும் பிரித்து வைத்த பழைய ஏற்பாடுதான்.

*

கோதினா 1943-ல் ஸ்கோப்யேவில் பிறந்தார். அன்று அந்த ஊர் பல்கேரிய ஆக்கிரமிப்பில் இருந்தது. படித்தது ஸ்லோவேனியாவின் லுப்லியானாவில். காமிராவை அவர் தொட்டது ஸ்டுடியோ வழியாக அல்ல, அமெச்சூர் சினிமாக் கழகங்கள் வழியாக. இதைக் கொஞ்சம் விளக்கியாக வேண்டும், ஏனென்றால் விஷயத்தின் முடிச்சு இங்கேதான் இருக்கிறது.

யுத்தத்துக்குப் பிந்தைய யூகோஸ்லாவிய அரசு தொழில்நுட்பத்தை மக்களிடம் கொண்டுபோக வேண்டும் என்று நினைத்தது. ‘மக்கள் தொழில்நுட்பம்’ என்ற பெயரில் ஒரு அமைப்பு இருந்தது. ரேடியோ செய்யக் கற்றுக்கொள்ளலாம், கிளைடர் விமானம் ஓட்டலாம், புகைப்படம் எடுக்கலாம், சினிமா எடுக்கலாம். ஊரூராகக் கழகங்கள். பிலிமும் காமிராவும் பொதுப்பணத்தில் வந்தன. பெல்கிரேட் கழகத்திலிருந்து மகவேயெவும் பாவ்லோவிச்சும் வந்தார்கள். ஸாக்ரெபில் மிஹொவில் பான்ஸினி என்ற மருத்துவர் ‘எதிர்-சினிமா’ என்று பேசிக்கொண்டு 1963-ல் ஒரு பரிசோதனைப் பட விழாவையே தொடங்கிவைத்தார். ஸ்ப்ளித் நகரத்துக் கழகத்துக்கென்று தனி மரபே உண்டு. கோதினா அறுபதுகளின் நடுவில் எட்டு மில்லிமீட்டரில் சின்னச் சின்னப் படங்கள் எடுத்தது இந்தச் சூழலில்தான். அங்கே வேலைப் பிரிவினை கிடையாது. நீயே யோசி, நீயே எடு, நீயே வெட்டி ஒட்டு. எட்டு மில்லிமீட்டர் பிலிமைக் கையில் பிடித்து வெட்டியவனுக்கு ஒரு சட்டகம் என்பது கருத்து அல்ல, விரலுக்குத் தட்டுப்படுகிற பொருள். 14441 என்ற கணக்கு அங்கிருந்து வருகிறது.

ஆக, இந்தக் கலகக்காரர்களை வளர்த்தது அரசுதான். காமிராவைக் கொடுத்ததும் அதே அரசு, அந்தக் காமிரா பார்த்ததைத் தாங்க முடியாமல் பெட்டியில் வைத்துப் பூட்டியதும் அதே அரசு. இதை ‘சர்வாதிகாரத்துக்கு எதிராகச் சுதந்திரக் கலைஞன்’ என்ற மேற்கத்திய வாய்ப்பாட்டில் போட்டால் விடை வராது. இவர்களில் பலர் இடதுசாரிகள். அவர்களது சண்டை சோஷலிசத்தோடு அல்ல. சோஷலிசம் தன்னைப் பற்றிச் சொல்லிக்கொண்ட கதையோடு.

பூட்டும் முறையும் விசித்திரமானது. நீதிமன்றம் மூலம் முறைப்படி தடை செய்யப்பட்ட படம் என்று 1963-ல் வந்த ‘நகரம்’ என்ற மூன்று பகுதிப் படம் ஒன்றைத்தான் சொல்வார்கள். மற்றவற்றுக்கு வேறு வழி. ‘பதுங்குகுழிக்குப் போய்விட்டது’ என்பார்கள். யாரும் கையெழுத்துப் போட்டிருக்க மாட்டார்கள், ஆனால் தியேட்டர்காரர் போடமாட்டார், வினியோகஸ்தர் எடுக்கமாட்டார், தயாரிப்பு நிறுவனத்தின் தொழிலாளர் குழுவே கூடி ‘இது நமக்கு வேண்டாம்’ என்று முடிவெடுக்கும். சுயநிர்வாகம்! 1950-லிருந்து யூகோஸ்லாவியா உலகத்துக்குக் காட்டிப் பெருமைப்பட்ட அந்தச் சுயநிர்வாகம் இங்கே சுயதணிக்கையாக வேலை செய்தது. மேலிருந்து கீழே அழுத்துகிற கை மட்டும்தான் அதிகாரம் என்று இன்னும் நினைத்துக்கொண்டிருக்கும் தோழர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

*

‘ஆரம்பகால எழுத்துக்கள்’ படத்தின் தலைப்பு இளம் மார்க்ஸைக் குறிக்கிறது. 1968 ஜூனில் பெல்கிரேட் மாணவர்கள் கிளர்ந்தெழுந்தார்கள். ஆகஸ்டில் சோவியத் டாங்கிகள் பிராக் நகருக்குள் போயின. அந்தச் சூட்டில் ஷில்னிக்கும், விமர்சகரும் திரைக்கதை ஆசிரியருமான பிராங்கோ வுச்சிசெவிச்சும் சேர்ந்து எழுதியது. யூகோஸ்லாவா என்ற பெண்ணும் மூன்று இளைஞர்களும் கிராமத்துக்கும் தொழிற்சாலைக்கும் மக்களை விழிப்பூட்டப் போகிறார்கள். விவசாயிகள் இவர்களைச் சேற்றில் போட்டு மிதிக்கிறார்கள். கடைசியில் அந்த மூன்று பேரும் யூகோஸ்லாவாவைச் சுட்டு, கொடியைப் போர்த்தி, எரிக்கிறார்கள். நாட்டின் பெயரை ஒரு பெண்ணுக்கு வைத்து, அவளைப் புரட்சிக்காரர்களே கொல்வதாகக் காட்டிவிட்டு நிம்மதியாக இருக்க முடியுமா? 1969 ஜூனில் வழக்கு வந்தது. ஷில்னிக் சட்டம் படித்தவர், தானே வாதாடினார். நீதிமன்றம் படத்தை விடுவித்தது. சில நாளில் பெர்லினில் தங்கக் கரடி கிடைத்தது. ஆகஸ்ட் 3-ம் தேதி கட்சி நாளிதழான ‘போர்பா’வில் விளாதிமிர் யோவிச்சிச் எழுதிய நீண்ட கட்டுரை வந்தது, ‘நம் சினிமாவில் கறுப்பு அலை’ என்று. ஆக ‘கறுப்பு அலை’ என்பது வசவு. வசவையே பட்டமாக எடுத்துக்கொள்வது நமக்கும் பழக்கமானதுதானே.

அந்தப் படத்தில் கோதினாவின் காமிரா நிலைகொள்ளாமல் இருக்கிறது. இளைஞர்களோடு சேர்ந்து ஓடுகிறது, சேற்றுக்குள் போகிறது, மூச்சு வாங்குகிறது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஏனென்றால் அடுத்த இரண்டு வருஷத்தில் இந்தக் காமிரா ஒரே இடத்தில் போய் நின்றுவிடுகிறது.

நடுவில் ‘கறுப்புப் படம்’ ஒன்று இருக்கிறது. நோவி ஸாத் தெருவில் படுத்திருந்த வீடற்றவர்களில் ஆறு பேரை ஷில்னிக் ராத்திரியோடு ராத்திரியாகத் தன் ஃப்ளாட்டுக்குக் கூட்டிவருகிறார். மனைவியை எழுப்பிச் சொல்கிறார். அவர்கள் படுத்துக்கொள்கிறார்கள். இவர் மறுநாள் தெருவில் போகிறவர்களையும் அதிகாரிகளையும் நிறுத்திக் கேட்கிறார்: இவர்களை என்ன செய்யலாம்? யாரிடமும் பதில் இல்லை. கடைசியில் அவர்களைப் போகச் சொல்கிறார். அவ்வளவுதான். ஏழைகளைக் காட்டிப் புகழ் வாங்குகிற ‘சமூக அக்கறை’ சினிமாவின் முகத்தில் சினிமாக்காரனே உமிழ்ந்துகொண்ட படம் என்று இதைச் சொல்வேன். நம்மில் கிராமத்துக்குப் போய்க் கதை பொறுக்கிக்கொண்டு வருகிறவர்கள் இதை ஒருமுறை பார்த்துவிட்டுப் போகலாம். இயக்குநர் தன்னைத்தானே அம்பலப்படுத்திக்கொள்கிறார், சரி. அந்தச் சின்ன ஃப்ளாட்டில் காமிராவைப் பிடித்து நின்ற ஆள்? அவர் ஏழாவது விருந்தாளி. அவரும் அங்கே தூங்கவில்லை.

*

1970-லிருந்து 1972 வரை கோதினா தானே இயக்கிய குறும்படங்கள் நான்கைப் பற்றித்தான் நான் அதிகம் பேச வேண்டும். எதுவும் பதினைந்து நிமிஷத்தை ஒட்டித்தான். நான்கிலும் காமிரா அசைவதில்லை. ஆட்கள் நேராக வந்து நிற்கிறார்கள், நம்மைப் பார்க்கிறார்கள்.

முதலாவது ‘புபிலியா ஃபெர்கெவெர்க்கின் வறுத்த மூளைகள்’ (1970). புபிலியா ஃபெர்கெவெர்க் என்பது லுப்லியானாவின் அவாங்-கார்ட் நாடகக் குழு. 1969-ல் மேடையில் ஒரு கோழியை அறுத்து ஊரைக் கலக்கியவர்கள். அவர்களைக் கொண்டுபோய் ஆழமில்லாத கடல் தண்ணீரில் நிறுத்தி, ஊஞ்சல் ஒன்றைக் கட்டி எடுத்த படம். விளையாட்டுத்தனமானது. இதில் எனக்குப் பெரிய ஈடுபாடு இல்லை. ஹிப்பித்தனம் சீக்கிரம் பழசாகிவிடுகிறது.

இரண்டாவது படம் வேறு ஜாதி. ஆங்கிலத்தில் இதை ‘மகிழ்ச்சியான மனிதர்களின் மன்றாட்டு மாலை’ என்கிறார்கள். மூலத் தலைப்போ ‘பொழுதுபோக்குக்கான ஆரோக்கியமான மனிதர்கள்’ (1971) என்று குத்தலாக இருக்கிறது. இடம் வொய்வொதினா: செர்பியர், ஹங்கேரியர், குரோவாத்தியர், ஸ்லோவாக்கியர், ருமேனியர், ருத்தேனியர், ரோமா மக்கள் என்று எல்லோரும் பக்கம்பக்கமாக வாழ்கிற சமவெளி. ஒவ்வொரு குடும்பமும் தன் வீட்டு முன்னால் வந்து நிற்கிறது. வீடுகள் நீலம், பச்சை, மஞ்சள் என்று கண்ணைப் பறிக்கிற நிறங்களில். கிராமத்து ஸ்டுடியோவில் போட்டோவுக்கு நிற்கிற விறைப்பு எல்லோரிடமும். பின்னணியில் ஒரு பாட்டு, இவர்கள் அவர்களை நேசிக்கிறார்கள், அவர்கள் இவர்களை நேசிக்கிறார்கள் என்று மாதாகோவில் மன்றாட்டு மாலை மாதிரி ஒவ்வொரு இனமாகப் பெயர் சொல்லிப் போய்க்கொண்டே இருக்கிறது.

‘சகோதரத்துவமும் ஒற்றுமையும்’ என்பதுதான் டிட்டோ காலத்தின் பெருங்கதையாடல். அந்தப் பாட்டு அதை மறுக்கவே இல்லை. அப்படியே திரும்பச் சொல்கிறது. முதல் தடவை அது செய்தி, மூன்றாம் தடவை ராகம், ஏழாம் தடவை வெறும் சத்தம். பகடி என்றால் எதிரியின் வார்த்தையைத் திரிப்பது என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். கோதினா ஒரு எழுத்தைக்கூடத் திரிக்கவில்லை. வார்த்தையைக் கொஞ்ச நேரம் கூடுதலாக ஓடவிட்டார், அவ்வளவுதான்.

ஆனால் அந்த முகங்கள் பகடி அல்ல. இங்கேதான் சிக்கலே. பாட்டு கேலியாகிவிட்ட பிறகும் அந்த மனிதர்கள் மரியாதையோடு நின்றுகொண்டிருக்கிறார்கள். கிழவி முந்தானையைச் சரிசெய்கிற மாதிரி கையை மடித்துக்கொள்கிறாள், குழந்தை நெளிகிறது. காமிரா அவர்களை அவசரப்படுத்துவதில்லை. அசையாத காமிராவுக்கு ஒரு போலீஸ் பழக்கம் உண்டு, அடையாள அட்டைக்கு நிறுத்திவைக்கிற பழக்கம். பூச்சியைக் குத்திவைக்கிற மானிடவியல் பழக்கமும் உண்டு. கோதினா அந்த இரண்டுக்கும் ரொம்பப் பக்கத்தில் போகிறார். விழாமல் நிற்பதற்குக் காரணம் நேரம். அடையாள அட்டைக்கு ஒரு நொடி போதும். இவர் அதற்கு மேலும் விடுகிறார். விட்ட நேரத்தில் பார்க்கப்படுகிறவர் நம்மைத் திரும்பப் பார்க்கத் தொடங்கிவிடுகிறார். எல்லா ஷாட்டிலும் இது நடக்கிறது என்று சொல்லமாட்டேன். ரோமா குடும்பம் வரும்போது வண்ணமும் வேடிக்கையும் அவர்களை விழுங்கிவிடுகிறதோ என்ற சந்தேகம் எனக்கு உண்டு.

இந்த நேர்முகப் பார்வை எங்கிருந்து வந்தது என்று யோசித்தால் ஒரு ரூபாய் நோட்டு ஞாபகம் வருகிறது. ரூபாய் அல்ல, தினார். 1955-ல் அச்சான 1000 தினார் நோட்டில் ஒரு உருக்காலைத் தொழிலாளியின் சிரித்த முகம். பெயர் அரிஃப் ஹெராலிச், போஸ்னியாவின் ஸெனிட்ஸா ஆலையில் வேலை பார்த்தவர். நாணய மாற்றத்துக்குப் பிறகு அதே முகம் 10 தினார் நோட்டில் வந்தது. தேசமெல்லாம் பாக்கெட்டில் வைத்துத் திரிந்த அந்த முகத்துக்குச் சொந்தக்காரர் 1971-ல் வறுமையில் செத்துப்போனார். அடுத்த வருஷம் செங்கிச்சும் கோதினாவும் ‘அதிவேக உழைப்பாளிகள்’ எடுத்தார்கள். யுத்தத்துக்குப் பிறகு நிலக்கரிச் சுரங்கத்தில் சாதனை டன் கணக்குக் காட்டிய தொழிலாளிகள், அவர்களுக்குக் குத்திய பதக்கங்கள், பிறகு அவர்கள் மறக்கப்பட்டது. அங்கேயும் காமிரா நேராக நிற்கிறது. கரி பூசிய முகங்கள் வரிசையாக நம்மைப் பார்க்கின்றன. அரசு தொழிலாளியின் முகத்தை நோட்டாக அடித்தது. அதே கோணத்தில், அதே தூரத்தில் நின்றுகொண்டு இவர்கள் அந்த முகத்தை நோட்டிலிருந்து கழற்றினார்கள். செங்கிச்சுக்கு அடுத்த முழுநீளப் படம் எடுக்க 1983 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. வேறெதுவும் சொல்லத் தேவையில்லை.

மூன்றாவது, ‘ஸோன்யா ஹெனி இல்லாமல் ஏக்கமாக இருக்கிறது’. இது ஒரு குறும்பு. 1971 ஜனவரியில் பெல்கிரேடில் முதல் சர்வதேசத் திரைப்பட விழா நடக்கிறது. உலகத்தின் இயக்குநர்கள் எல்லாம் வந்திருக்கிறார்கள். கோதினா ஒரு பரண் அறையில் காமிராவை நட்டுவைத்துவிட்டு ஆளாளுக்கு அழைப்பு விடுக்கிறார்: காமிராவை அசைக்கக் கூடாது, லென்ஸை மாற்றக் கூடாது, மூன்று நிமிஷத்துக்கு மேல் போகக் கூடாது, யாராவது ஒருவர் ‘ஸோன்யா ஹெனி இல்லாமல் ஏக்கமாக இருக்கிறது’ என்று சொல்லியாக வேண்டும். அந்த வசனம் கார்ட்டூன் நாய் ஸ்னூபி சொல்வது; ஹெனி நார்வேயின் பனிச்சறுக்கு நட்சத்திரம். மிலோஷ் ஃபோர்மன், மகவேயெவ், பால் மோரிஸி, பக் ஹென்ரி, தின்தோ பிராஸ், ஃபிரெடரிக் வைஸ்மன், பூரிஷா ஜோர்ஜெவிச் என்று ஒருவர் பின் ஒருவராக வந்து எடுத்தார்கள். எல்லாப் பெரிய மனிதர்களும் ஒரே சட்டகத்துக்குள், ஒரே அறைக்குள். அவரவர் ‘தனித்துவம்’ காமிரா அசைவிலும் லென்ஸிலும் எவ்வளவு ஒளிந்திருந்தது என்று தெரிந்துவிடுகிறது. சட்டகத்தைப் போட்டவர் யாரோ அவருடைய படமாகத்தான் கடைசியில் அது நிற்கிறது. ஆசிரியர் பற்றிய கோட்பாட்டுக் கட்டுரைகள் பலவற்றைவிட இந்தப் பதினைந்து நிமிஷம் எனக்குத் தெளிவாக இருந்தது.

நான்காவதுதான் 14441. யூகோஸ்லாவிய ராணுவத்துக்குத் தன் சொந்தப் படப் பிரிவு இருந்தது. ராணுவ வாழ்க்கையைப் பற்றி இளைஞர்களைக் கவர்கிற மாதிரி ஒரு படம் வேண்டும் என்று பணம் கொடுத்தார்கள். கோதினா மக்கதோனியாவுக்குப் போனார். அங்கே ஒரு பக்கம் முகாமில் ஆயிரக்கணக்கான இளம் சிப்பாய்கள், இன்னொரு பக்கம் ஜவுளி ஆலையில் தையல் மெஷின் வரிசைகளுக்குப் பின்னால் ஆயிரக்கணக்கான இளம் பெண்கள். இரண்டு கூட்டமும் பக்கத்துப் பக்கத்தில். இரண்டும் ஒன்றையொன்று தொடமுடியாது. அவ்வளவுதான் படம். அணிவகுப்பு, தையல் மெஷின், அணிவகுப்பு, தையல் மெஷின். மேலே ஒரு பாட்டு. ராணுவத்தைத் திட்டி ஒரு வார்த்தை கிடையாது. ராணுவமே அள்ளிக் கொடுத்த ஆட்கள், ராணுவமே கொடுத்த பிலிம். ஒழுங்காக நின்று கொண்டிருக்கிற உடம்புகளின் ஆசையை மட்டும் படம் கவனித்தது. ஃபூக்கோ முகாமையும் தொழிற்சாலையையும் ஒரே இயந்திரத்தின் இரண்டு பற்களாகப் பேசிய ‘கண்காணிப்பும் தண்டனையும்’ வெளிவந்தது 1975-ல். கோதினா அதைப் படித்துவிட்டு எடுத்திருக்க வழியில்லை. பார்த்து எடுத்தார்.

ராணுவ அதிகாரிகளுக்கு அது உடனே புரிந்துவிட்டது. தணிக்கையாளனைப் போலக் கூர்ந்து பார்க்கிற வாசகன் நமக்குக் கிடைப்பதில்லை! படத்தை அழிக்க உத்தரவு வந்தது. கோதினா காப்பாற்றி வைத்த பிரதியால்தான் இன்று அந்த 14441 சட்டகங்களும் நம்மிடம் இருக்கின்றன. எண்ணிக்கை தலைப்பிலேயே இருக்கிறதல்லவா, ஒன்று குறைந்தாலும் தெரிந்துவிடும். அவர் அதற்காகத்தான் அப்படிப் பெயர் வைத்தாரா என்றெல்லாம் கேட்காதீர்கள். எனக்கு அப்படிப் படிக்கப் பிடிக்கிறது.

*

பிறகு கதவுகள் மூடின. மகவேயெவின் ‘டபிள்யு. ஆர்.: உயிரியின் மர்மங்கள்’ (1971) பதுங்குகுழிக்குப் போனது, அவர் நாட்டைவிட்டுப் போனார். ஷில்னிக் ஜெர்மனிக்குப் போய் அங்கே இடம்பெயர்ந்த தொழிலாளர்களை எடுத்தார். ‘பிளாஸ்டிக் இயேசு’ எடுத்த மாணவர் லாஸர் ஸ்தோயனோவிச் சிறைக்குப் போனார், அவர் படம் வெளிச்சத்தைப் பார்க்க 1990 ஆயிற்று. அவருடைய ஆசிரியர் பெத்ரோவிச்சுக்கு அகாதமி வேலை போயிற்று. கோதினா? காமிராக்காரராகத் தொடர்ந்தார். பல வேலை தெரிந்ததின் உபயோகம் இதுதான்: இயக்குநர் வாசல் அடைத்தால் ஒளிப்பதிவாளர் வாசல் திறந்திருக்கும். சமரசம் என்று சிலர் சொல்லக்கூடும். வயிறு என்று ஒன்று இருக்கிறதே. அத்துடன், ‘26 சித்திரங்களில் ஆக்கிரமிப்பு’ படத்தைப் பார்த்தால் அது வெறும் பிழைப்பு இல்லை என்று தெரியும். இத்தாலிய ஆக்கிரமிப்பின் கீழ் த்யுப்ரோவ்னிக் நகரம், தேன் மாதிரி வெளிச்சம், வெள்ளைக் கல், உல்லாசம். அதே வெளிச்சம் மாறாமல் பஸ்ஸுக்குள் நடக்கிற அந்தக் கொலைக் காட்சியிலும் விழுகிறது. ஆணியும் சுத்தியலுமாக. வன்முறைக்கு இருட்டு வேண்டும் என்ற சினிமாப் பழக்கத்தை அவர் ஏற்கவில்லை.

முழுநீளப் படத்தை இயக்க 1980 வரை ஆயிற்று, வயது முப்பத்தேழு. ‘மெதூஸாவின் தெப்பம்’, வுச்சிசெவிச் எழுதியது. இருபதுகளில் செர்பிய நாட்டுப்புறத்தில் இரண்டு இளம் ஆசிரியைகள், அவாங்-கார்ட் கவிஞர்கள், ஊர் ஊராகப் போய்ப் புதுக்கலையைப் பறைசாற்றிப் பரிகசிக்கப்படுகிற கூட்டம். ‘சிவப்பு பூகி’ (1982) யுத்தத்துக்குப் பிந்தைய வருஷங்களைப் பற்றியது. ரேடியோ வாத்தியக்காரர்களைக் கூட்டுறவுப் பிரச்சாரத்துக்காகக் கிராமத்துக்கு அனுப்புகிறார்கள். அவர்களுக்கோ ஜாஸ் மேல் பைத்தியம். ‘செயற்கைச் சொர்க்கம்’ (1990) முதல் உலக யுத்தத்தில் லுத்தோமெர் என்ற சின்ன ஊரில் ராணுவ அதிகாரியாக வந்து தங்கிய ஃபிரிட்ஸ் லாங்கையும், அவருக்கு இடம் கொடுத்த வக்கீல் கரோல் குரோஸ்மனையும் பற்றியது. குரோஸ்மன் 1905-லேயே காமிரா வாங்கித் தன் ஊர் மக்கள் கோவிலிலிருந்து வெளியே வருவதை எடுத்தவர், ஸ்லோவேனியாவின் முதல் சினிமாக்காரர். வக்கீல், அமெச்சூர், பல வேலைக்காரர். கோதினா தன் மூதாதையைத் தேடிப் போயிருக்கிறார். மூன்றும் நல்ல படங்கள். குறும்படங்களின் கூர்மை இவற்றில் இல்லை என்பது என் அபிப்பிராயம். கதை வந்ததும் சட்டகம் கொஞ்சம் அலங்காரமாகிவிடுகிறது.

*

1991-ல் நாடு உடைந்தது. அதற்குப் பிறகு ‘மன்றாட்டு மாலை’யைப் பார்க்கிறவர்கள் எல்லோரும் ஒன்றையே சொல்கிறார்கள்: கோதினா இருபது வருஷத்துக்கு முன்பே யுத்தத்தை முன்னறிந்துவிட்டார் என்று. எனக்கு இந்த வாசிப்பு பிடிக்கவில்லை. கலைஞனைத் தீர்க்கதரிசியாக்குவது அவனுக்குச் செய்கிற மரியாதை போலத் தெரியும். உண்மையில் அது அரசியலுக்குச் செய்கிற உபகாரம். ‘அந்த மக்கள் எப்போதும் உள்ளுக்குள் வெறுத்துக்கொண்டுதான் இருந்தார்கள், பாட்டுதான் மூடி வைத்திருந்தது’ என்ற கட்டுக்கதைக்கு இந்தப் படம் சாட்சியாக இழுக்கப்படுகிறது. பால்கன் மக்களின் ‘பழம்பகை’ பற்றி மேற்கத்தியப் பத்திரிகைகள் எழுதித் தள்ளியது இதையேதான். அந்தக் கட்டுக்கதை யாருக்குச் சௌகரியம் என்று சொல்லவேண்டியதில்லை.

நடந்ததைப் பார்ப்போம். 1988 அக்டோபரில் நோவி ஸாதில் ஆட்களைத் திரட்டி வொய்வொதினாவின் மாகாணத் தலைமையைக் கவிழ்த்தார்கள், அடுத்த வருஷம் தன்னாட்சி போயிற்று. 1992 மே மாதம் அதே வொய்வொதினாவின் ஹ்ர்த்கோவ்ட்ஸி கிராமத்துக்கு வொயிஸ்லாவ் ஷெஷெல் வந்து பேசினார். குரோவாத்தியர்களுக்கு இங்கே இடமில்லை என்றார். மிரட்டல் நடந்தது, குடும்பங்கள் வீட்டை மாற்றிக்கொண்டு வெளியேறின. கிராமத்தின் பெயரையே மாற்றப் பார்த்தார்கள். 2018-ல் ஹேக் நகரின் மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தப் பேச்சுக்காக அவரைக் குற்றவாளி என்றது. மேடை, மைக், லாரி, பட்டியல் எல்லாம் வேண்டியிருந்தது. பக்கத்து வீட்டுக்காரனை விரட்ட இத்தனை ஏற்பாடு தேவைப்பட்டதென்றால், படத்தில் நிற்கிற அந்த முகங்கள் பொய் சொல்லவில்லை என்றுதானே அர்த்தம்?

பட்டியல் என்றதும் இன்னொன்று. கோதினாவை இப்போது ‘ஸ்லோவேனிய இயக்குநர்’ என்று எழுதுகிறார்கள். ஸ்கோப்யேவில் பிறந்து, நோவி ஸாதின் நியோபிளாந்தா நிறுவனத்துக்கும் போஸ்னியாவின் செங்கிச்சுக்கும் உழைத்தவரை. யுத்தத்திலிருந்து பத்து நாளில் தப்பித்த, நாகரிகமான, ‘ஆரோக்கியமான’ ஸ்லோவேனியா 1992 பிப்ரவரியில் நிரந்தரக் குடியிருப்பாளர் பதிவேட்டிலிருந்து 25,671 பேரின் பெயர்களைச் சத்தமில்லாமல் நீக்கியது. மற்றக் குடியரசுகளில் பிறந்தவர்கள், காலக்கெடுவுக்குள் குடியுரிமைக்கு விண்ணப்பிக்காதவர்கள் அல்லது விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டவர்கள். ஒருநாள் ஏதோ காரியமாக அலுவலகத்துக்குப் போனால் அட்டையைத் துளையிட்டுத் திருப்பிக் கொடுத்தார்கள். ‘அழிக்கப்பட்டவர்கள்’ என்று அவர்களுக்குப் பெயர். 2012-ல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் அரசின் மீறலை உறுதி செய்தது. துப்பாக்கிச் சத்தம் இல்லை, சேறு இல்லை. ஒரு எழுத்தர், ஒரு பட்டியல். ‘பொழுதுபோக்குக்கான ஆரோக்கியமான மனிதர்கள்’ படத்தை முன்னறிவிப்பாகப் பார்க்க விரும்புகிறவர்கள் சரயேவோவுக்குப் போவதற்கு முன் இந்த அலுவலகத்துக்குப் போகட்டும். இனம் இனமாகப் பெயர் சொல்லி வரிசையில் நிறுத்துகிற பாட்டுக்கும், பெயர் பெயராக வரிசையிலிருந்து எடுக்கிற பதிவேட்டுக்கும் இலக்கணம் ஒன்றுதான்.

1971-ல் கோதினா வொய்வொதினாவில் சுற்றியபோது எடுத்த இன்னொரு படம் உண்டு, ‘எனக்கு ஒரு வீடு இருக்கிறது’ என்று. 2013-ல் மத்யாஷ் இவானிஷின் என்ற இளம் ஸ்லோவேனிய இயக்குநர் அந்தப் படத்தின் எஞ்சிய காட்சிகளை வைத்துக்கொண்டு அதே வழியாக, அதே கிராமங்களுக்குப் போய் ‘கார்போவழிப் பயணி’ என்று அர்த்தம் வருகிற பெயரில் ஒரு படம் எடுத்தார். பழைய துண்டும் புதிய துண்டும் அடுத்தடுத்து வருகின்றன. சமவெளி அப்படியே இருக்கிறது. வீடுகளும் இருக்கின்றன. முன்னால் வந்து நிற்கிறவர்கள்தான் குறைவு.